கேஸ் நடக்கிறதே என்று இருந்துவிட்டோம்!

எங்கள் வீட்டுப் பின்வாசலுக்கு அப்பால் ஒரு சானல் ஓடுகிறது. கன்னிப்பூ, கும்பப்பூ இரண்டுக்கும் வயலுக்குத் தண்ணீர் கொண்டு போவது அதுதான். சானலுக்கும் எங்கள் அடுக்களைக்கும் நடுவே நாலு சென்ட் இடம். இரண்டு தென்னை, ஒரு கிணறு, என் மாமியார் நெல் அவித்துக் காயப்போடும் முற்றம். இந்த நாலு சென்ட்டுக்காகப் பக்கத்து வீட்டுக்காரரோடு முன்சீப் கோர்ட்டில் ஆறு வருஷமாக வழக்கு.

ஒரு நாள் தலையாரி வந்து ஒரு காகிதத்தைக் கொடுத்துக் கையெழுத்து வாங்கிப் போனார். அந்த இடத்தில் ஒரு பகுதி சானல் புறம்போக்கு, ஏன் அகற்றக் கூடாது என்று குறித்த தேதிக்குள் காரணம் சொல்ல வேண்டும் என்று அதில் இருந்தது. என் கணவர் மஸ்கட்டில். போனில் சொன்னேன்.

"கேஸுதான் கோர்ட்டில கெடக்குல்லா? தீர்ப்பு வராம யாரு தொடுவா? பேடிக்காண்டாம்" என்றார். அத்தையும் அதையே சொன்னார்கள். காகிதத்தைக் காலண்டருக்குப் பின்னால் சொருகிவிட்டு, சின்னவளின் பரீட்சைக் கவலையில் மறந்தே போனேன்.

பத்து நாள் கழித்து, தாள் கிழிக்கும்போது அது கீழே விழுந்தது. கெடு முடிய நாலே நாள்! வயிற்றைக் கலக்கிவிட்டது. வடசேரியில் இருக்கும் அப்பாவின் சிநேகிதர் வீட்டுக்கு ஓடினேன். வக்கீல் குமாஸ்தாவாக இருந்தவர்.

"மக்களே, உங்க கேஸுல சர்க்கார் ஒரு கட்சியா?"

"இல்லை, மாமா."

"பின்ன அது சர்க்காரை எப்படிக் கட்டும்? நீ பதில் போடல்லேண்ணா, சொல்ல ஒண்ணும் இல்லேண்ணு எழுதிட்டுப் போவாங்க."

அவர் சொல்லித்தான் விவரம் புரிந்தது. இது 1905-ஆம் வருஷத்து நில ஆக்கிரமிப்புச் சட்டத்தின் 7-வது பிரிவு நோட்டீஸ். இது கேள்விதான், அகற்றும் உத்தரவு 6-வது பிரிவில் பிறகு வரும். அப்படி வந்தால் மேல் அதிகாரியிடம் அப்பீல் செய்து, அது முடியும்வரை நிறுத்தி வைக்கக் கேட்கலாம். சர்க்கார் மேல் வழக்குப் போடுவதென்றால் முதலில் இரண்டு மாத நோட்டீஸ் கொடுக்க வேண்டும். அவசரமானால் கோர்ட்டின் அனுமதியோடு உடனே போடலாம்.

ஐதராபாத்தில் ஹப்சிகூடா என்ற இடத்து நிலத்தைப் பற்றி, இதே சட்டத்தின் கீழ் வந்த வழக்கில், 1982-ல் உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொல்லியிருக்கிறது. நிலம் யாருடையது என்பதில் உண்மையான தகராறு இருந்தால், சர்க்கார் தானே முடிவு செய்து அவசரமாக வெளியேற்றக் கூடாது. சிவில் கோர்ட்டுக்குத்தான் போக வேண்டும். "ஆனா தகராறு இருக்குண்ணு நாமதான் எழுத்துல காட்டணும்" என்றார் மாமா.

அன்றிரவே டிரங்குப் பெட்டியைக் குடைந்தோம். இந்த ஜில்லா 1956-ல் தமிழ்நாட்டோடு சேருவதற்கு முந்திய, திருவிதாங்கூர் காலத்து ஆதாரம், கரம் கட்டிய ரசீதுகள், வழக்கு மனுவின் நகல் எல்லாம் சேர்த்து, "இடத்தை எங்கள் முன்னிலையில் அளந்து பார்க்க வேண்டும்" என்று பதில் எழுதினேன். நேரில் கொடுத்து, நகலில் சீல் போட்டு வாங்கினேன்.

ஒரு மாதம் கழித்து சர்வேயர் வந்து சங்கிலி பிடித்தார். கிணறும் முற்றமும் எங்கள் ஆதாரத்துக்குள்தான். ஆனால் பின்வேலி அரை சென்ட் சானலுக்குள் போயிருந்தது. உள்ளதை மறைப்பானேன்? வேலியை நாங்களே பிடுங்கி நட்டோம். நோட்டீஸ் அத்தோடு முடிந்தது. பக்கத்து வீட்டு வழக்கு இன்னும் நடக்கிறது!

சகோதரிகளே, சோறு வேகிறதே என்று பக்கத்து அடுப்பில் பால் பொங்குவதைப் பார்க்காமல் இருப்போமா? வழக்கு ஒரு அடுப்பு, நோட்டீஸ் இன்னொரு அடுப்பு. காகிதம் வந்தால் முதலில் தேதியைப் பாருங்கள். உறையையும் பத்திரப்படுத்துங்கள். உங்கள் வக்கீலிடம் அன்றைக்கே காட்டுங்கள். வீட்டுக்காரர் வெளிநாட்டில் இருந்தால் என்ன, கெடு நமக்காகக் காத்திருக்காது.

எங்கள் வீட்டில் இப்போது காலண்டருக்குப் பின்னால் எதையும் சொருகுவதில்லை.