ரங்கன் வாத்தியாரும் என் தம்பியும்

"நீயாவது அவனுக்குப் புத்தி சொல்லுப்பா"ன்னு சித்தி போன்ல அழாத குறை. இன்ஜினியரிங் முடிச்சு, கிடைச்ச வேலையை வேணாம்னுட்டு நாடகத்துக்குப் போறேங்கறானாம் தம்பி. சனிக்கிழமை அம்பத்தூர் எஸ்டேட்ல வேலை முடிஞ்சு நேரா ஆவடிக்குப் போனேன், புத்தி சொல்ல :-)

"அண்ணா, பசுபதி தெரியுமா?"ன்னான்.

தெரியாமலா? விருமாண்டி (2004) கொத்தாளத் தேவர், வெயில் (2006) முருகேசன், சார்பட்டா பரம்பரை (2021) ரங்கன் வாத்தியார். அதை எடுத்த பா.ரஞ்சித்தே நம்ம ஆவடிப் பக்கம் கரலப்பாக்கம்காரர்தானே.

"அதுக்கு முன்னாடி?"

முழிச்சேன். அவனே சொன்னான். ந.முத்துசாமி 1977ல் ஆரம்பித்த கூத்துப்பட்டறையில் பசுபதி எண்பதுகளிலேயே சேர்ந்துட்டார். தெருக்கூத்து, சிலம்பம், குரல், உடம்புன்னு வருஷக்கணக்கா பயிற்சி. கூடவே கொஞ்சம் பேர் மட்டும் பார்க்கிற நவீன நாடகங்கள். ஜனங்க மனசுல அந்த முகம் பதிஞ்சது 2000க்கு அப்புறம்தான். ரங்கன் வாத்தியார் சும்மா நிக்கும்போதே ஒரு கெத்து தெரியுதே, அது அங்கே வந்தது.

"எல்லாரும் பசுபதி ஆயிட முடியாதுடா."

"ஆகறதுக்குப் போகலைண்ணா. அந்தப் பயிற்சிக்குத்தான் போறேன்."

காலேஜ்ல நானும் ரெண்டு நாடகம் போட்டவன். முதல் சம்பளத்தோட அது போச்சு. அதை அவன்கிட்ட சொல்லல.

வாசல்ல சித்தி, "என்னப்பா சொன்னான்?" என்றார்.

"ஒரு வருஷம் விட்டுப் பாருங்க சித்தி"ன்னுட்டேன்.

அதிலிருந்து சித்தி என்கிட்ட பேசறதில்லை. நீங்களா இருந்தா என்ன சொல்லியிருப்பீங்க மக்களே?