கவ்வாத்தும் கொங்கிரீற்றும்

தம்மைத் தாமே செப்பனிட்டுக்கொள்ளும் பொருட்களைப் பற்றி விஞ்ஞான மாணவர் வியந்து பேசுகையில், கலைப்பீடத்தவனாகிய எனக்கு நினைவில் எழுவது நானுஓயா மலைச்சரிவின் தேயிலைச் செடியே. சில ஆண்டுகளுக்கொருமுறை கவ்வாத்துக் கத்தி அதனை வெறுங் கட்டையாக்கிவிடுகின்றது. புதிதாய்க் காண்போர் மலை தீப்பற்றியதோ என ஐயுறுவர். ஆயினும் சில வாரங்களில் துளிர் அரும்புகின்றது. வேரிலே முன்னரே சேர்ந்திருந்த மாப்பொருளே அத்துளிருக்கு முதல். அச்சேமிப்பு உண்டோவென வேரை அயடீன் இட்டுச் சோதித்த பின்னரே வெட்டவேண்டும் என்பர் துறையறிந்தோர். வேர் வறிதாயிருக்கையில் வெட்டினால் செடி பட்டுவிடும்.

ஆய்வுகூடப் பொருட்களும் இவ்விதிக்கு விலக்கல்ல. 2001இல் இலினோய்ஸ் பல்கலைக்கழகத்து ஸ்கொட் வைற் குழுவினர் பிளாத்திக்கினுள் நுண்ணிய உறைகளைப் புதைத்தனர். வெடிப்பு ஓடும் வழியில் உறை உடைய, உள்ளிருந்த திரவம் கசிந்து இறுகிற்று. முறிவைத் தாங்கும் வலு 75 சதவீதம் வரை மீண்டது. உடைந்த உறை மறுமுறை உதவாது. நெதர்லாந்தின் டெல்ஃப்ற் நகரில் ஹெங்க் யோன்கர்ஸ் என்பார் கொங்கிரீற்றில் பற்றீரியா வித்திகளையும் அவற்றுக்கு உணவாகக் கல்சியம் இலக்டேற்றையும் சேர்த்தார். வெடிப்பினூடே நீர் புகுந்ததும் வித்திகள் விழித்து, உணவை உண்டு, சுண்ணக்கல்லை ஆக்கி வெடிப்பை அடைக்கின்றன. மழையே மருத்துவனை எழுப்பும் இவ்வேற்பாடு எங்கள் ஊருக்கெனவே கண்டது போலும்! குளிரில் பற்றீரியா மந்தமாகும் என்பதொரு குறை.

பெருங்குறை வேறு. இம்முறையால் அடைபடுவது ஏறத்தாழ 0.8 மில்லிமீற்றர் அகலம் வரையான வெடிப்பே. நான் பிறந்த லயத்துக் காம்பராவின் நடுச்சுவரிலோ என் சுண்டுவிரல் நுழையும். அடுத்த வீட்டு அடுப்புப் புகை அதன்வழியே எங்களிடம் வரும். சுவரைத் திருத்துவது தோட்டத்தின் கடமை என்பார் அப்பா. குடியிருப்போர் கடமை என்பது தோட்டத்தின் விடை. தானே ஆறும் சுவரொன்று வந்துவிட்டால் இவ்வழக்கே தேவையற்றதாகும் என ஒருகால் மகிழ்ந்தேன். ஆனால் உறையையும் உணவையும் சுவருக்குள் முன்கூட்டி வைப்பவர் யார்? ‘தானே’ என்னும் சொல் அக்கேள்வியை மறைத்துவிடுகின்றது. மலையக மக்கள் எதையும் தாங்கி மீண்டெழுவர் என மேடைகளிலே புகழக் கேட்கும்போதும் இவ்வெண்ணமே வருகின்றது. எங்கள் வேரில் மிச்சம் எவ்வளவு என எவரும் அயடீன் இட்டுப் பார்ப்பதில்லை.

ஆண்டுதோறும் பெருமழைக்கு முன் அப்பா மணலும் சீமெந்தும் குழைத்து அவ்வெடிப்பைப் பூசுகின்றார். மறுபுறத்தை அடுத்த வீட்டு மாமா பூசுவார். சீமெந்து மூடையின் விலையை இரு வீட்டாரும் பாதி பாதியாய்ப் பகிர்ந்துகொள்வர்.