பதினைந்து வயதில் வள்ளி

ஒரகடம், வல்லம் வடகால் பக்கம் பெரிய கம்பெனி எதில் சேரப் போனாலும் முதலில் வயதைத்தான் பார்ப்பார்கள். 18 முடிந்திருக்க வேண்டும். வல்லம் வடகாலில் பெண் தொழிலாளர்களுக்காக 2024 ஆகஸ்டில் திறந்த சிப்காட் குடியிருப்பில் மட்டும் 18,720 பேர் தங்கலாம். இடம் கிடைக்காதவர்கள் ஊருக்குள் அறை எடுத்திருக்கிறார்கள். எங்கள் மாடியிலும் கள்ளக்குறிச்சிப் பக்கத்துப் பெண்கள் சிலர் இருக்கிறார்கள்.

மே தினத்துக்குக் கம்பெனி லீவு. மாடியில் ஒரு பெண் போனில் ‘முள்ளும் மலரும்’ பார்த்துக்கொண்டிருந்தாள். விஞ்ச் ஆபரேட்டர் காளிக்கு விபத்தில் கை போய்விடுகிறது. வீடு திரும்பிய அண்ணனை ஓடிவந்து கட்டிக்கொள்ளும் வள்ளிக்கு அதற்கப்புறம்தான் அது தெரிகிறது. வள்ளியாக நடித்த ஷோபாவின் முகத்தில் பாசம் கலையும் முன்பே திகில் வந்துவிடும். அந்த இடத்தை அவள் பின்னுக்குத் தள்ளித் தள்ளி மறுபடி பார்த்தாள். “இந்தப் பொண்ணு நடிக்கவே இல்லக்கா. சும்மா நிக்குது, நமக்கு அழுகை வருது” என்றாள்.

மகேந்திரன் இயக்கிய அந்தப் படம் 1978 ஆகஸ்ட் 15-ல் வெளிவந்தது. ஷோபா பிறந்தது 1962 செப்டம்பரில். கல்யாண வயதுத் தங்கையாகத் திரையில் வந்தபோது அவருக்கு 16 கூட நிறையவில்லை. இதைச் சொன்னதும் அவள் திகைத்துப் போனாள். “எங்க கம்பெனியில கேட்டுக்குள்ளயே விட மாட்டாங்களேக்கா!”

ஷோபாவின் அம்மா பிரேமாவும் மலையாளப் படங்களில் நடித்தவர். ஷோபா நாலு வயதுக்குள்ளேயே, 1966-ல், சந்திரபாபு இயக்கிய ‘தட்டுங்கள் திறக்கப்படும்’ படத்தில் தலைகாட்டிவிட்டார். ஆனால் நாம் இன்று நினைவில் வைத்திருக்கும் ஷோபா ஏறக்குறைய மூன்றே ஆண்டுகளில் உருவானவர். பாலசந்தரின் ‘நிழல் நிஜமாகிறது’ படத்தில் வீட்டு வேலைக்கு வரும் வெள்ளந்திப் பெண். பாலு மகேந்திராவின் ‘அழியாத கோலங்கள்’ படத்தில் விடலைப் பையன்கள் மனதைப் பறிகொடுக்கும் டீச்சர். அந்தப் பையன்களைவிட அவர் சில வயதுதான் மூத்தவர். துரை இயக்கிய ‘பசி’யில் சென்னைக் குடிசைப் பகுதியில் குப்பை பொறுக்கும் குப்பம்மா. மலையாளக் குடும்பத்துப் பெண், எண்ணெய் காணாத தலையும் கந்தல் துணியுமாகக் கூவத்தோரத்துப் பிள்ளையாகவே மாறியிருந்தார். அதற்குத்தான் சிறந்த நடிகைக்கான தேசிய விருது கிடைத்தது.

1980 மே 1 அன்று, 17 வயதில், அவர் வாழ்க்கை முடிந்தது. ‘மூடுபனி’ அதற்குப் பிறகுதான் திரைக்கு வந்தது. அவருடைய மரணத்தைப் பற்றி அன்று தொடங்கிய பேச்சு இன்னும் ஓயவில்லை. யார் காரணம், என்ன நடந்தது என்று துருவுகிறவர்களுக்குக் குப்பம்மாவைப் பார்க்க நேரமில்லை. மரணத்தையே பேசிப் பேசி அவருடைய உழைப்பை மறைத்துவிட்டோம் என்பது என் ஆதங்கம். வேலைக்காரி, தங்கை, குப்பை பொறுக்கும் பெண் என்று, படங்களில் யாரும் கவனிக்காத பெண்களைத்தான் அவர் அதிகம் கவனிக்க வைத்தார். மாடியில் படம் பார்த்த பெண்ணுக்கு அவரைப் பார்த்ததும் சொந்தக்காரப் பிள்ளையைப் பார்த்தது போல் இருந்ததற்குக் காரணம் அதுதான்.

இன்னொன்றும் மனதை அறுக்கிறது. வயதுக்கு மீறிய பக்குவம் என்று அவரை எல்லோரும் கொண்டாடினோம். பக்குவமாக நடிப்பது வேறு, பெரியவர்களின் உலகத்தைத் தாங்கும் வலு வேறு. ஆலை வாசலில் வயதைக் கேட்கிற அக்கறை, திறமை மின்னுகிற பிள்ளைகள் விஷயத்தில் நமக்கு வருவதில்லை. நடிப்போ, பாட்டோ, விளையாட்டோ, ஒரு பிள்ளை சிறு வயதிலேயே அசத்தினால் கைதட்டுகிறோம், அடுத்த வாய்ப்பைக் கொண்டுவந்து நீட்டுகிறோம். சாப்பிட்டாயா, தூங்கினாயா, உனக்கு இது பிடித்திருக்கிறதா என்று கேட்க ஒரு ஆள் பக்கத்தில் இருக்கிறாரா என்பதையும் நாம்தான் பார்க்க வேண்டும். திறமை எவ்வளவு பெரிதானாலும் பிள்ளை பிள்ளைதான்.