அம்மாவின் செவ்வரத்தை

யாழ்ப்பாணத்து வீட்டை விற்பதென்று சென்ற மாரியில் முடிவானபோது, பாத்திர பண்டங்களைப் பங்கிடுவதில் எமக்குள் பிணக்கு எதுவும் எழவில்லை. கிணற்றடியில் நின்ற அடுக்குச் செவ்வரத்தையை என்ன செய்வது என்பதே கேள்வியாயிற்று. அது அம்மா நட்டது. 1995ஆம் ஆண்டு ஐப்பசியில் ஊரோடு இடம்பெயர்ந்து, மறு ஆண்டு திரும்பி வந்து பார்த்தபோது கூரையிற் பாதி இல்லை. செவ்வரத்தை மட்டும் பூத்து நின்றது. அதன் பின்னர், அதில் ஒரு கிளையை ஒடிக்கவும் அம்மா எவரையும் விட்டதில்லை.

முதிர்ந்த செடியை வேரோடு பெயர்த்தால் பிழைப்பது அரிது. அது ஒருநாளும் காய்த்ததுமில்லை. தடி வெட்டி வைப்பதொன்றே வழி. தடியில் தழைப்பது தாய்ச்செடியின் பிள்ளையன்று, அதே செடிதான்.

வேலிக்குக் கதியால் நட்டுப் பழகிய கை எமது கை. கிளுவையும் பூவரசும் வெட்டி ஊன்றினாலே தழைத்துவிடும். அந்தத் துணிவில் முழ நீளத் தடிகள் ஆறினைக் கொழும்புக்குக் கொணர்ந்து, பூவும் மொட்டுமாகவே தொட்டி மண்ணில் நட்டு, இருவேளையும் நீர் வார்த்தோம். பத்தாம் நாள் அடி கறுத்து அழுகின. போதாக்குறைக்கு, வேர் வந்ததாவென்று நாள்தோறும் பிடுங்கிப் பார்த்தவர் ஒருவரும் வீட்டில் இருந்தார். அவர் யாரென்று இங்கு எழுதுவதற்கில்லை.

வீடு கைமாறுமுன், தையில் மீண்டும் ஊருக்குப் போனோம். இம்முறை பென்சிற் பருமனான, மொட்டில்லாத கிளைகளை விடியலில் வெட்டி, ஈரத்துணியிற் சுற்றிக் கொணர்ந்தோம். ஐந்தங்குலத் துண்டுகளாக, கணுவுக்குச் சற்றுக் கீழே கூரிய கத்தியால் நறுக்கினோம். கணுவை அண்டியே வேர் எளிதில் அரும்பும். மேலே இரண்டு இலைகளை மட்டும் விட்டு, அவற்றையும் பாதியாகக் கத்தரித்தோம். வேரில்லாத தடி உறிஞ்சும் நீர் சொற்பம். இலைவழி இழப்பதோ அதிகம். மணலும் தும்புத்தூளும் சமமாகக் கலந்து நட்டு, நிழலில் வைத்து, வாயகன்ற போத்தல்களைக் கவிழ்த்து மூடினோம். கலவை உலரத் தொடங்கினால் மாத்திரம் நீர் தெளித்தோம்.

சில நாட்களில் துளிர் கண்டது. அதை நாம் நம்பவில்லை; தண்டிலுள்ள சத்தைக் கொண்டே தடி துளிர்ப்பதுண்டு. ஏழாம் கிழமையில் மெல்ல இழுத்துப் பார்த்தோம். மூன்று தடிகள் அசையாது நின்றன. மற்றைய ஐந்தும் கையோடு வந்தன.

ஆவணியில் முதற்பூ விரிந்தது, அதே கருஞ்சிவப்பு. மாலையில் வாடிவிடுமென்று காலையிலேயே அம்மாவின் படத்துக்கு வைத்தோம். மட்டக்களப்பிலுள்ள தங்கை தனக்கும் ஒரு தடி கேட்டிருக்கிறாள். செடி இன்னும் முழ உயரந்தான்; அடுத்த மாரி வரை பொறுக்கச் சொல்லியிருக்கிறோம்.