எங்கள் ரிசர்வ் சைட்

சரவணம்பட்டியில் எங்கள் லேஅவுட்டுக்கென்று ஒரு ரிசர்வ் சைட் இருந்தது. மனை பிரித்தால் பத்து சதவீதம் பொதுவுக்கு விடவேண்டும் என்ற விதியில் வந்த காலி நிலம். வேலி கிடையாது, விளக்கு கிடையாது. மூலையில் ஒரு வேலாமரம், கீழே வெள்ளாடுகள். தென்னை மட்டையைச் செதுக்கி பேட் செய்துகொள்வோம். பந்து ஆவாரஞ்செடிக்குள் போய்விட்டால் எதிரணிப் பையன்களும் சேர்ந்துதான் தேடுவார்கள். புதிதாக ஒருவன் வந்து நின்றால், "ஏங்கண்ணு, நீ யாரு வூட்டுப் பையன்?" என்று அந்தப் பக்கம் போகிற அப்பத்தா கேட்பார். பதில் வருவதற்குள் அவனை ஃபீல்டிங்குக்கு நிறுத்தியிருப்போம்.

2011-ல் சரவணம்பட்டி பேரூராட்சி கோவை மாநகராட்சியோடு சேர்ந்தது. 72 வார்டு 100 ஆனது. ஐ.டி. கம்பெனிகளைச் சுற்றி அபார்ட்மென்ட்கள் எழும்பின. எங்களோடு விளையாடியவர்கள் பெங்களூருக்கும் அமெரிக்காவுக்கும் போக, பெற்றோர் மட்டும் வீட்டில் தங்கினார்கள். ரிசர்வ் சைட் பூங்காவானது: இரும்பு கேட், எட்டு வடிவ நடைபாதை, உடற்பயிற்சிக் கருவிகள். அதில் எனக்குக் குறையில்லை. முழங்கால் வலியோடு அம்மா தினமும் அங்கேதான் நடக்கிறார். தமிழ்நாட்டில் நூற்றுக்குப் பத்துப் பேர் அறுபதைத் தாண்டியவர்கள் என்று 2011 கணக்கெடுப்பே சொன்னது.

மனசு ஆறாதது கேட்டில் தொங்கும் பலகையைப் பார்த்துத்தான்: பந்து விளையாட அனுமதியில்லை. ஞாயிறு மாலை, ஃபவுண்டரி வேலைக்கும் கட்டட வேலைக்கும் வந்த பீகார், ஒடிசா பையன்கள் பேட்டோடு வந்து, அதைப் படிக்கத் தெரியாமல் வாட்ச்மேனிடம் கேட்டுவிட்டுத் திரும்புகிறார்கள். உக்கடம் பெரியகுளக் கரைக்குப் போகலாம்தான். ஸ்மார்ட் சிட்டி திட்டத்தில் அழகாகவே செய்திருக்கிறார்கள், ஞாயிறானால் கூட்டம் அலைமோதுகிறது. அங்கே நடக்கலாம், உட்காரலாம், போட்டோ எடுக்கலாம். ஓடிவந்து ஒரு பந்து போட இடம் ஏது?

2021-ல் எடுக்க வேண்டிய மக்கள்தொகைக் கணக்கு தள்ளிப்போய்விட்டது. அதற்கு முந்தைய கணக்கில் இந்தப் பையன்கள் கோவைக்காரர்களே இல்லை. யார் யார் இருக்கிறார்கள் என்று பார்க்காமல் போட்ட பூங்கா வரைபடத்தில் அவர்களுக்கு எப்படி இடம் வரும்? எங்கள் காலி நிலத்தை யாரும் வரைந்து தரவில்லை. அதனாலேயே வந்தவர்களுக்கெல்லாம் அதில் இடம் இருந்தது.

நடைபாதை ஓரமாகவே இருக்கட்டும், நடுவில் கிடக்கும் புல்தரையை ஞாயிறு மாலையாவது விளையாட விடுங்கள் என்று குடியிருப்போர் சங்கக் கூட்டத்தில் கேட்டிருக்கிறேன். அடுத்த கூட்டத்திலும் கேட்பேன்.