கணினியும் ஓதிப் பார்க்கிறது

ஹிஃப்ழு மாணவர் சிலர், "மனனமான ஜுஸ்வை மீண்டும் ஏன் ஓத வேண்டும் உஸ்தாத்? கணினியில் ஒருமுறை பதிந்தால் போதுமே" என்பர். கணினியின் வரலாறு அவ்வாறு சொல்லவில்லை.

1950களின் காந்த வளைய நினைவகத்தில், கம்பிகளில் கோத்த சிறு வளையம் ஒவ்வொன்றும் ஒரு பிட்டைத் தாங்கியது. படித்த மாத்திரத்தில் அது அழியும். உடனே திரும்ப எழுதியாக வேண்டும். 1966இல் ஐபிஎம் பொறியாளர் ராபர்ட் டென்னார்ட், ஒரு பிட்டை நுண்ணிய மின்தேக்கியின் மின்னேற்றமாக வைக்கும் வழி கண்டார். அந்த மின்னேற்றமும் கசியும். ஆகவே இன்றைய ராம் நினைவகம் பொதுவாக 64 மில்லிநொடிக்குள் தன்னை ஒருமுறை முழுதும் புதுப்பித்துக்கொள்கிறது. நம் மாணவரிடம் நாள் ஒன்றுக்கு ஒருமுறைதான் கேட்கிறோம்!

வன்தட்டில் பதிந்தது மின்சாரமின்றியும் நிற்கும் என்பது மெய்யே. ஆயினும் அதைக் கொண்டு கணினி ஏதேனும் செய்ய வேண்டுமாயின், முதலில் அது ராமுக்கு வந்தாக வேண்டும்.