வெள்ளிப் பட்டறையும் ஒரு வெந்த கையும்

பால் ரிவியரின் கணக்கேடுகள் பாஸ்டனில் இன்றும் இருக்கின்றன. தேநீர்க் கூஜா, கரண்டி, காலணிக் கொக்கி, நடுவே யாருக்கோ கட்டிக்கொடுத்த பொய்ப்பல் என்று ஒரு வெள்ளித் தட்டானின் பிழைப்பு முழுவதும் அந்தப் பக்கங்களில் வரிசையாகக் கிடக்கிறது. அமெரிக்கப் பள்ளிப் பிள்ளைகள் அறிந்த ரிவியரோ குதிரைமேல் இருப்பவர். 1775 ஏப்ரல் 18 இரவு, பிரிட்டிஷ் படை கிளம்பிவிட்டது என்று ஊர் ஊராக எழுப்பிக்கொண்டு போனவர். 1861-இல் வெளியான லாங்ஃபெலோவின் கவிதை அவரைக் கன்கார்டு வரை கொண்டுபோய்ச் சேர்த்துவிட்டது. உண்மையில் லெக்சிங்டன் தாண்டியதும் பிரிட்டிஷ் ரோந்துக்காரர்கள் அவரைப் பிடித்துக்கொண்டார்கள். கன்கார்டுக்குச் செய்தி சேர்த்தவர் சாமுவேல் பிரெஸ்காட் என்ற இளம் மருத்துவர். பாவம், அவரைப் பற்றி அப்படியொரு கவிதையை யாரும் எழுதவில்லை.

குதிரையிலிருந்து ரிவியரை இறக்கிப் பட்டறையில் உட்காரவைத்தவர் எஸ்தர் ஃபோர்ப்ஸ். 1891-இல் மாசசூசெட்ஸில் பிறந்தவர். சூனியக்காரி என்று பழி சுமத்தப்பட்ட பெண்ணைப் பற்றி 1928-லேயே ஒரு நாவல் எழுதியவர். 1942-இல் அவர் எழுதிய 'பால் ரிவியரும் அவர் வாழ்ந்த உலகமும்' என்ற வாழ்க்கை வரலாறு, மறு ஆண்டே வரலாற்றுக்கான புலிட்சர் பரிசைப் பெற்றது. அதே 1943-இல் 'ஜானி டிரெமெய்ன்' என்ற சிறுவர் நாவல் வந்தது. அதற்கு 1944-இல் நியூபெரி பதக்கம். ஒரே ஊர், ஒரே காலம், ஒரே கிளர்ச்சி; இரண்டு புத்தகங்கள்.

தாயைப் பற்றியும் சொல்ல வேண்டும். ஹேரியட் ஃபோர்ப்ஸ் நியூ இங்கிலாந்தின் பழைய இடுகாடுகளில் அலைந்து, கல்லறைக் கற்களைச் செதுக்கிய கைகள் யாருடையவை என்று தேடி 1927-இல் புத்தகமாக்கியவர். கல்லில் பெயர் இருப்பது செத்தவருக்கு. செதுக்கியவருக்கு இருப்பது அபூர்வம். மகளுக்குச் சிக்கியதும் ஏறக்குறைய அதே முடிச்சுதான். கணக்கேட்டில் பட்டறை முதலாளி இருக்கிறார், வாடிக்கையாளர் இருக்கிறார். துருத்தி ஊதிய பையன் இல்லை.

வரலாற்றுப் புத்தகத்தில் ஃபோர்ப்ஸ் அந்தப் பையன்களின் வாசல்வரை போகிறார். பிரிட்டிஷ் அதிகாரிகள் பேசிக்கொண்டதைக் காதில் வாங்கி, குதிரைக் கொட்டிலில் வேலை செய்த ஒருவன் ஓடிவந்து ரிவியரிடம் சொன்னான் என்ற பாஸ்டன் செவிவழிக் கதை உண்டு. அவன் என்ன சாப்பிட்டான், யாரிடம் அடி வாங்கினான் என்று எந்தக் காகிதமும் சொல்வதில்லை. வரலாறு எழுதுபவர் அங்கே 'இருக்கலாம்' என்று சொல்லி நின்றுவிட வேண்டும். ஃபோர்ப்ஸ் நிற்கவில்லை, அடுத்த புத்தகத்துக்குப் போனார்.

அந்த நாவலின் ஜானி, வெள்ளிப் பட்டறையில் தொழில் பழகும் பதினான்கு வயதுப் பையன். கெட்டிக்காரன், வாய்த்துடுக்கு அதிகம். செல்வந்தர் ஜான் ஹான்காக் கேட்ட சர்க்கரைக் கிண்ணத்துக்குக் கைப்பிடி சரியாக வராமல், ரிவியரிடமே போய் யோசனை கேட்கிறான். ஞாயிற்றுக்கிழமை வேலை செய்வது குற்றமாயிருந்த ஊரில், திருட்டுத்தனமாக உலை மூட்டுகிறார்கள். கூட இருக்கும் பையன் வேண்டுமென்றே விரிசல் விட்ட மூசையை எடுத்துக்கொடுக்கிறான். உருகிய வெள்ளி வழிந்து பரவ, அதன்மேல் ஜானியின் கை விழுகிறது. ஓய்வுநாளில் உலை மூட்டியது தெரிந்துவிடுமே என்று மருத்துவரைக் கூப்பிடாமல் மருத்துவச்சியைக் கூப்பிடுகிறார்கள். அவள் கட்டுப்போட்ட விதத்தில் கட்டைவிரல் உள்ளங்கையோடு ஒட்டிப்போகிறது. பக்தி, சட்டம், தொழில், பொறாமை என்று வாழ்க்கை வரலாறு பல அத்தியாயங்களில் விளக்கும் பாஸ்டன், ஒரு பையனின் கையில் வந்து இறங்கிவிடுகிறது. நாவலின் மிகச் சிறந்த பகுதி இதுதான். பிற்பாடு வரும், பாஸ்டன் துறைமுகத்தில் தேயிலையைக் கடலில் கொட்டும் காட்சிகூட இதற்கு ஈடில்லை.

குறையும் உண்டு. உலகப்போர் நடுவே வந்த நாவல் இது; விடுதலை பற்றிய பேச்சு வரும்போதெல்லாம் 1943-இன் குரல் உள்ளே கேட்கிறது. அந்தப் பாஸ்டனில் அடிமைகளாக வைக்கப்பட்டிருந்த கறுப்பர்களோ கதையின் ஓரத்திலேயே நிற்கிறார்கள். முதலாளிக்குப் பின்னால் மறைந்த பையனைக் கண்டுபிடித்த கண்ணுக்கு, அவனுக்கும் பின்னால் நின்றவர்கள் போதுமான அளவு தெரியவில்லை.

நாவலின் கடைசியில் டாக்டர் ஜோசப் வாரன் ஜானியின் கையைப் பார்க்கிறார். ஒட்டிய தோலை அறுத்துப் பிரித்துவிடலாம், துப்பாக்கி பிடிக்குமளவு கை தேறும் என்கிறார். 1775 ஏப்ரலில் கதை அங்கேயே முடிகிறது. கற்பனைப் பையன் ஜானி. வாரன் நிஜ மனிதர், ரிவியரின் நண்பர். அடுத்த ஜூன் 17 அன்று பங்கர் ஹில் சண்டையில் அவர் இறந்தார். மறு வருடம் பிரிட்டிஷார் பாஸ்டனை விட்டுப் போன பிறகு, புதைகுழியிலிருந்து எடுத்த உடல் வாரனுடையதுதான் என்று அடையாளம் காட்டியவர் ரிவியர். வாரனுக்குத் தம் கையால் கம்பி வைத்துக் கட்டிய பொய்ப்பல்லை அவருக்குத் தெரிந்திருந்தது.